துறைமுகக் கரையில் நடை: பாரிமுனையோடு திரும்பிவிடலாமா?

வாசகர் கேள்வி, 8 பிப்ரவரி 2025

கோவையிலிருந்து உறவினர்கள் வருகிறார்கள். மெட்ராஸின் பழைய துறைமுகப் பகுதியை நடந்தே காட்ட ஆசை. கோட்டை, உயர் நீதிமன்றம், பாரிமுனை வரை போதும், அதற்கு வடக்கே லாரியும் தூசியும்தான், பார்க்க ஒன்றுமில்லை என்கிறார் என் மைத்துனர். அந்தப் பக்கத்துக்காரர்கள் யாராவது சொல்லுங்கள்.

9 பிப்ரவரி, காலை

உங்கள் மைத்துனர் சொல்வதை ஏற்க முடியாது. நான் ராயபுரத்தில் பிறந்து வளர்ந்தவன். அப்பா துறைமுகத்தில் மூட்டை இறக்கியவர். ஊர் பார்க்க வருகிறவர்களை இந்தக் கரையில் அழைத்துக்கொண்டு நடப்பது பல வருடங்களாக என் ஞாயிற்றுக்கிழமை வேலை. யாரிடமும் காசு வாங்குவதில்லை. எனவே லாப நஷ்டக் கணக்குப் பார்த்து எழுதவில்லை. என் ஊரைப் பாதியில் வெட்டிவிட்டு மிச்சத்தை மட்டும் காட்டுகிறார்களே என்ற ஆதங்கத்தில் எழுதுகிறேன்.

வழக்கமான நடை கோட்டையில் தொடங்கும். 1680இல் எழுந்த புனித மேரி தேவாலயம், 1892இல் திறந்த உயர் நீதிமன்றம், தலைமைத் தபால் நிலையம், ஸ்டேட் வங்கியின் சிவப்புக் கட்டடம், பர்மா பஜாரில் கொஞ்சம் வேடிக்கை, பிறகு வண்டி ஏறிவிடுவார்கள். எல்லாம் பார்க்க வேண்டியவைதான். ஆனால் இத்தனை தூரம் நடந்தும் வந்தவர்கள் கடலைப் பார்த்திருக்கமாட்டார்கள். ராஜாஜி சாலையின் கிழக்குப் பக்கம் முழுக்கத் துறைமுகத்தின் மதில். துறைமுக நகரத்தைச் சுற்றிக் காட்டுகிறோம் என்று அழைத்துப் போய், கப்பலும் காட்டாமல் அலையும் காட்டாமல் அனுப்பிவைத்தால் அதற்கு என்ன பெயர்?

நான் சொல்லும் யோசனை: நடையைத் தலைகீழாகப் போடுங்கள். விடியலுக்கு முன் காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் தொடங்குங்கள். அங்கிருந்து ராயபுரம், பிறகு ராஜாஜி சாலை, பாரிமுனை, கடைசியில் கோட்டை. ஐந்தாறு கிலோமீட்டர்தான். நின்று பார்த்து, டீ குடித்து, மெதுவாக வந்தாலும் வெயில் ஏறுவதற்குள் பெரும்பகுதி முடிந்துவிடும்.

9 பிப்ரவரி, இரவு

காசிமேட்டில் அப்படி என்ன இருக்கிறது என்று தனியாகக் கேட்டிருக்கிறீர்கள்.

ஏலம் இருக்கிறது. இரவு முழுக்க வந்து சேரும் விசைப்படகுகள் ஒன்றை ஒன்று உரசிக்கொண்டு நிற்கும். இந்தப் படகிலிருந்து அந்தப் படகுக்குத் தாவித் தாவி மீன் கூடைகளைக் கரைக்குக் கொண்டு வருவார்கள். ஐஸ் கட்டியை இயந்திரத்தில் கொடுத்து உடைக்கிற சத்தத்தில் பக்கத்தில் இருப்பவர் பேசுவது காதில் விழாது. கீழே கொட்டிய மீனைச் சுற்றி வியாபாரிகள் வட்டம் கட்டி நிற்க, ஏலம் கூறுகிறவர் ஒரே மூச்சில் விலையை ஏற்றிக்கொண்டு போவார். யார் கேட்டார்கள், யார் விட்டார்கள் என்று புதியவருக்குப் புரிவதற்குள் அடுத்த குவியலுக்குப் போயிருப்பார். வாங்குகிறவர்கள் பெரும்பாலும் பேசுவதே இல்லை. கண்ணும் விரலும்தான் பேசும்.

பெரிய சூரையை வாலில் கயிறு கட்டி இழுத்துக்கொண்டு போவார்கள். கடம்பாவை (கணவாய்) கொட்டிய இடத்தில் தரை மையாகிக் கிடக்கும். வஞ்சிரம், வவ்வால், சங்கரா எல்லாரும் அறிந்தவை. காரப்பொடி, கானாங்கெளுத்தி, கிழங்கான் பக்கமும் கொஞ்சம் நின்று பாருங்கள். வடசென்னை வீடுகளில் வாரம் முழுக்கக் குழம்பு வைப்பது அவற்றில்தான்.

இந்த ஏலத்தைவிட எனக்குப் பிடித்தது மீன் வெட்டும் இடம். வரிசையாகப் பெண்கள் உட்கார்ந்திருப்பார்கள். அங்கே ஒரு அம்மாவிடம்தான் நான் எப்போதும் கொடுப்பேன். மீனைக் கையில் வாங்கியதும் அவர் கேட்பது ஒன்றே ஒன்று: "குழம்புக்கா, வறுவலுக்கா?" வறுவல் என்றால் துண்டு மெலியும், குழம்பு என்றால் தடிக்கும், தலை தனியாக வரும். செதிலைச் சுரண்டும்போதே மீன் எப்போது பிடித்தது என்று அவருக்குத் தெரிந்துவிடும். பழைய மீனை வாங்கிக்கொண்டு போனால் வாங்கியவரைத் திட்டிவிட்டுத்தான் வெட்டுவார்.

11 பிப்ரவரி

நடைக்கு வருகிறவர்களிடம் நான் முதலில் சொல்லும் விஷயத்தை மேலே எழுதாமல் விட்டிருக்கிறேன். இது தெரியாமல் நடந்தால் ராயபுரம் கடலோரம் வெறும் கருங்கல் குவியலாகத்தான் தெரியும்.

நம் கரையை ஒட்டிக் கடலுக்குள் மணல் ஓடிக்கொண்டே இருக்கிறது. வடகிழக்குப் பருவத்தில் தெற்கு நோக்கியும் மற்ற மாதங்களில் வடக்கு நோக்கியும் போகும். வருடக் கணக்கில் பார்த்தால் வடக்கே போவதுதான் மிக அதிகம். இந்த ஓட்டத்துக்குக் குறுக்கே 1870களின் பிற்பகுதியில் துறைமுகத்தின் அலைத்தடுப்புச் சுவரைக் கட்டினார்கள். தெற்கிலிருந்து வந்த மணல் சுவருக்குத் தெற்குப் பக்கமே தங்கிவிட்டது. மெரினா அகலமானது அப்படித்தான். ஒரு காலத்தில் கோட்டை மதிலுக்கு வெகு அருகில் வரை கடல் வந்துகொண்டிருந்தது. இன்று கோட்டைக்கும் கடலுக்கும் நடுவே ஒரு பெரிய சாலையும் அதற்கு அப்பால் துறைமுகமும் இருக்கின்றன.

வடக்கே வரவேண்டிய மணல் வரவில்லை. கடல் தனக்கு வேண்டியதை ராயபுரத்திலிருந்தும் காசிமேட்டிலிருந்தும் திருவொற்றியூரிலிருந்தும் எடுத்துக்கொண்டது. குப்பங்களின் முன்வரிசை வீடுகள் போயின. பிறகு கல் கொட்டினார்கள், கடலுக்குள் நீளும் கல் தடுப்புகளான தூண்டில் வளைவுகள் போட்டார்கள். ஓரிடத்தில் கல் போட்டால் அரிப்பு அதற்கு வடக்கே நகர்கிறது. மெரினாவில் மாலை நேரம் காற்று வாங்குகிறவர் காலடியில் இருப்பது எங்களுக்கு வரவேண்டிய மணல். இதைக் கோபத்தில் சொல்லவில்லை. ஒரே சுவரின் இரண்டு பக்கங்களையும் பார்த்தால்தான் இந்த நகரம் விளங்கும். பாரிமுனையில் திரும்புகிறவர்கள் ஒரு பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டுப் போகிறார்கள்.

12 பிப்ரவரி

மணல் பற்றிய கேள்விக்குச் சுருக்கமாக: ஆமாம், துறைமுகம் வராமல் இருந்திருந்தால் மெரினாவும் இப்படி இருந்திருக்காது. அலைத்தடுப்பு கட்டிச் சில ஆண்டுகளுக்குப் பிறகுதான், 1884 வாக்கில், கவர்னர் கிராண்ட் டஃப் அங்கே உலாவும் பாதை அமைத்தார்.

16 பிப்ரவரி

படம் எடுப்பது பற்றிச் சொல்லியே ஆக வேண்டும்.

இன்று காலை காசிமேட்டில் ஒரு குழுவைப் பார்த்தேன். எந்த அமைப்பு என்று கேட்கவில்லை. பெரிய லென்ஸ் வைத்த கேமராவை மீன் வெட்டும் பெண்ணின் முகத்துக்கு ஒரு முழம் தூரத்தில் நீட்டி, "இப்படித் திரும்புங்கள், சிரியுங்கள்" என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அவர் கையில் கத்தி ஓடிக்கொண்டிருக்கிறது. எதிரே வாடிக்கையாளர்கள் காத்திருக்கிறார்கள். விடியும் முன் வேலைக்கு வந்த மனுஷிக்கு உங்கள் படத்துக்காகச் சிரிக்கவேண்டிய கடன் எதுவும் இல்லை.

முதலில் மீன் வாங்குங்கள். வெட்டக் கொடுங்கள். பேசுங்கள். பிறகு "அக்கா, ஒரு படம் எடுக்கலாமா?" என்று கேளுங்கள். வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள். கூடை தூக்கி வருகிறவர்களின் பாதையில் நிற்காதீர்கள். "வழி, வழி" என்று குரல் வந்தால் யோசிக்காமல் ஒதுங்குங்கள். ஈரத் தரை வழுக்கும், பிடிப்புள்ள செருப்புப் போதும். நல்ல ஷூ போட்டு வந்தவர்கள் திரும்பிப் போகும்போது வருத்தப்படுகிறார்கள்.

2 மார்ச்

ராயபுரம் பற்றி எழுதுகிறேன் என்று சொல்லி நாள் தள்ளிப்போய்விட்டது.

காசிமேட்டிலிருந்து வெளியே வந்ததும் தேவாலயம். புனித பேதுரு ஆலயத்தைக் கட்டியவர்கள் படகுக்காரர்கள். கப்பலிலிருந்து சரக்கு இறக்கிய சமூகம் சம்பாதித்து எழுப்பிய கோயில் அது, 1829ஆம் வருடத்தது. கோட்டைக்குள் இருக்கும் தேவாலயத்தைக் கம்பெனிக்காரர்கள் கட்டினார்கள். இதை அவர்களுக்குப் படகு வலித்தவர்கள் கட்டினார்கள். இரண்டையும் ஒரே நாளில் பார்க்க வேண்டும் என்பேன்.

கொஞ்சம் உள்ளே போனால் மேற்கு மாதா சர்ச் சாலையில் பார்சிகளின் நெருப்புக் கோயில். 1910இல் வந்தது. தமிழ்நாட்டில் அவர்களுக்கு இருப்பது இந்த ஒன்றுதான். பார்சிகள் அல்லாதவர்கள் உள்ளே போக அனுமதி இல்லை. வெளியே நின்று பார்த்துவிட்டு நகர்ந்துவிடுங்கள், கேட்டைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்க்காதீர்கள். அந்தத் தெருவில் தேவாலய மணியும் பள்ளிவாசலின் பாங்கும் காதில் விழ இந்த வீட்டில் அணையாமல் நெருப்பு எரிந்துகொண்டிருக்கிறது என்று சொன்னால், வந்தவர்களில் பலர் அதற்குப் பிறகு கொஞ்ச நேரம் பேசுவதில்லை.

அறிஞர் அண்ணா பூங்கா. பழைய பெயர் ராபின்சன் பூங்கா. 1949 செப்டம்பர் 18 அன்று கொட்டும் மழையில் திராவிட முன்னேற்றக் கழகத்தின் முதல் பொதுக்கூட்டம் நடந்த இடம். கட்சி பிடிக்கும், பிடிக்காது என்பது வேறு விஷயம். இந்த மாநிலத்தை மாற்றிய ஒரு மாலை இங்கே நடந்திருக்கிறது. பாரிமுனையில் ஆங்கிலேய வணிகர்களின் பெயர்களை வரிசையாகச் சொல்லும் நடைகளில் இந்தப் பூங்காவின் பெயரை நான் ஒருமுறைகூடக் கேட்டதில்லை.

பிறகு ராயபுரம் ரயில் நிலையம். இதற்கு அரை மணி நேரம் ஒதுக்குங்கள். தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் இங்கிருந்துதான் புறப்பட்டது. 1856 ஜூலை 1 அன்று வாலாஜா ரோடு வரை. பம்பாயிலும் ஹௌராவிலும் முதலில் கட்டிய நிலையங்கள் இன்றில்லை. ராயபுரம் நிற்கிறது. சென்ட்ரல் வந்ததே 1873இல்தான். முகப்பில் உள்ள தூண்களின் அருகே போய்த் தொட்டுப் பாருங்கள். பெயின்ட் பூச்சுக்குக் கீழே சுண்ணாம்புக் காரை தெரியும் இடங்கள் உண்டு. நடைமேடையில் கூட்டமே இருக்காது. மின்சார ரயில் வரும், நாலு பேர் இறங்குவார்கள், போய்விடும். ரயில் ஏன் இங்கே தொடங்கியது என்று குழந்தைகளிடம் கேளுங்கள். கடல் பக்கம் கைகாட்டும் குழந்தை கட்டாயம் ஒன்று இருக்கும்.

3 மார்ச்

"வரலாற்று வரிசைப்படி கோட்டைதானே முதலில் வர வேண்டும், நீங்கள் பின்னாலிருந்து கதை சொல்கிறீர்களே" என்று ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். நியாயமான கேள்வி. நானும் இதைப் பற்றி நிறைய யோசித்திருக்கிறேன்.

கோட்டையில் தொடங்கினால் கதை 1639இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் பிரான்சிஸ் டே கரையிறங்கியதிலிருந்து ஆரம்பிக்கும். அவரைக் கரையிறக்கியது யார்? துறைமுகமே இல்லாத இந்தக் கரையில், அலைக்கு வெளியே நங்கூரம் போட்ட கப்பலிலிருந்து ஒருவர் மண்ணில் கால் வைக்க வேண்டுமானால் உள்ளூர்ப் படகுக்காரர் இல்லாமல் முடியாது. வரிசை பார்த்தாலும் காசிமேட்டுக்காரர்கள்தான் முதலில் வருகிறார்கள்.

இருந்தாலும் ஒரு சலுகை. வயதானவர்களும் சிறு குழந்தைகளும் இருந்தால் இரண்டு காலைகளாகப் பிரித்துக்கொள்ளுங்கள். முதல் காலை காசிமேடு முதல் ராயபுரம் ரயில் நிலையம் வரை. மறுநாள் கடற்கரை ரயில் நிலையத்திலிருந்து கோட்டை வரை. வடக்கு முதலில் என்பதை மட்டும் மாற்றாதீர்கள்.

15 மார்ச்

ராஜாஜி சாலை. மேற்கே கட்டடங்கள், கிழக்கே மதில். மதிலுக்குள் போக அனுமதிச் சீட்டு வேண்டும், நினைத்த மாத்திரத்தில் கிடைக்காது. எனவே இந்தப் பகுதியில் கண்ணால் பார்ப்பதைவிடச் சொல்லிக் கேட்பதுதான் அதிகம். வழிகாட்டி வாய் திறக்க வேண்டிய இடம் இதுதான்.

நான் மூன்று விஷயங்கள் சொல்வேன்.

மசூலா படகு. பலகைகளை ஆணி அடிக்காமல் கயிற்றால் தைத்துக் கட்டிய படகு. ஆணி அடித்த படகு நம் கரை அலையில் பிளந்துபோகும். தைத்த படகு அலைக்கு வளைந்து கொடுக்கும். இருநூறு வருடங்களுக்கு மேல் இந்த நகரத்தின் துணி மூட்டை, கவர்னர், குதிரை, கடிதம் எல்லாம் அதில்தான் கரைக்கு வந்தன. கடல் மோசமான நாளில் படகும் போகாது. அப்போது கட்டுமரத்தில் ஒருவர் கடிதங்களைத் தொப்பிக்குள் வைத்துக்கொண்டு அலையைத் தாண்டிக் கப்பலுக்குப் போவார். கடலுக்குள் நீண்டு, இரும்புத் தூண்கள் மேல் நின்ற பாலம் 1861இல் வந்தது. பிறகு துறைமுகம் கட்டத் தொடங்கினார்கள். வேலை முடிகிற நேரத்தில், 1881இல், ஒரு புயல் வந்து அலைத்தடுப்புகளை உடைத்துப் போட்டது. மறுபடி கட்டினார்கள். அதற்குப் பிறகும் கிழக்கு வாசல் வழியாக அலையும் மணலும் உள்ளே வந்து தொல்லை கொடுத்தன. பிரான்சிஸ் ஸ்பிரிங் துறைமுகத்தின் தலைவராக இருந்த காலத்தில்தான் அந்த வாசலை மூடி வடகிழக்கில் புது வாசல் வைத்தார்கள்.

அந்த ஸ்பிரிங் தலைமை வகித்த அலுவலகத்தில் 1912 மார்ச் முதல் தேதி ஒரு குமாஸ்தா வேலைக்குச் சேர்ந்தார். மாதம் முப்பது ரூபாய். மறுவருடம் கேம்பிரிட்ஜில் இருந்த கணித அறிஞர் ஹார்டிக்குக் கடிதம் எழுதியபோது, மெட்ராஸ் துறைமுக அலுவலகக் கணக்குப் பிரிவில் குமாஸ்தா என்றுதான் ராமானுஜன் தன்னை அறிமுகம் செய்துகொண்டார். வேலைக்குப் பக்கமாக இருக்க வேண்டும் என்று ஜார்ஜ் டவுனில் சைவ முத்தையா முதலி தெருவில் குடியிருந்தார். 1914 மார்ச் 17 அன்று இதே துறைமுகத்திலிருந்து நெவாசா கப்பலில் ஏறினார். மதிலைக் காட்டி இதைச் சொன்னால், கணக்குப் பிடிக்காத பிள்ளைகள்கூட மதிலைக் கொஞ்சம் மரியாதையோடு பார்ப்பார்கள்.

மூன்றாவது, போனவர்கள். 1860 அக்டோபர் 12 அன்று ட்ரூரோ என்ற கப்பல் மெட்ராஸிலிருந்து தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்குக் கிளம்பியது. கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாக நம் ஆள்கள். நவம்பர் 16இல் டர்பன் போய்ச் சேர்ந்தார்கள். மொரீஷியஸுக்கும் பர்மாவுக்கும் மலேயாவுக்கும் போனவர்கள் எத்தனையோ. கோட்டைக்கு வந்து இறங்கிய துரைகளின் பெயர்கள் கல்வெட்டில் இருக்கின்றன. இங்கிருந்து ஏறிப்போனவர்களுக்கு இந்தச் சாலையில் ஒரு பலகைகூட என் கண்ணில் படவில்லை. அதனால் நான் நின்று சொல்லிவிட்டுத்தான் நகர்வேன்.

16 மார்ச்

அப்பாவைப் பற்றி ஒருவர் கேட்டிருந்தார். அவர் வேலை பார்த்த காலத்தில் சாக்கு மூட்டைதான் எல்லாம். கையில் ஒரு கொக்கி வைத்திருப்பார். மரப்பிடி, அதிலிருந்து வளைந்து வரும் இரும்பு முனை. மூட்டையின் மூலையில் கொத்தி, ஒரு சுண்டு சுண்டித் தோளுக்கு ஏற்றுவார்கள். பிடி அவர் உள்ளங்கை அளவுக்குத் தேய்ந்து, வேறு யார் பிடித்தாலும் கையில் சரியாக உட்காராது. வலது தோள் இடது தோளைவிடத் தடித்திருக்கும். சட்டை தைக்கும் கடையில் அதற்கென்று தனியாக அளவெடுப்பார்கள்.

1983இல் கன்டெய்னர் முனையம் வந்தது. நாட்டில் அதற்கென்றே அமைத்த முதல் முனையம் அது. பெட்டியோடு வந்து பெட்டியோடு போகும் சரக்குக்குக் கொக்கி எதற்கு? கூட வேலை பார்த்தவர்கள் மெல்ல மெல்லக் குறைந்தார்கள். இன்று எண்ணூர் நெடுஞ்சாலையில் வரிசை கட்டி நிற்கும் லாரிகளைத் தூசி என்று சொல்கிறோம். அந்த லாரி ஓட்டுநர்கள் உள்ளே போவதற்காக இரவெல்லாம் காத்திருந்து, சக்கரத்துக்குப் பக்கத்தில் ஸ்டவ் வைத்துச் சமைத்துச் சாப்பிடுகிறார்கள். துறைமுகத் தொழிலாளி என்று இன்று யாரையாவது காட்ட வேண்டுமானால் அவர்களைத்தான் காட்டுவேன்.

6 ஏப்ரல்

சாப்பாடு. இத்தனை நாள் யாரும் கேட்காதது ஆச்சரியம்.

காலை நடையில் இட்லி, டீயோடு முடிந்துவிடும். ஆனால் மாலையில் ஒருமுறை இரண்டாவது கடற்கரைச் சாலைப் பக்கம் வந்து அத்தோ என்ற பர்மிய நூடுல்ஸ் சாப்பிட வேண்டும். 1960களில் பர்மாவில் கடைகளையும் தொழில்களையும் அரசு எடுத்துக்கொண்ட பிறகு கப்பல் கப்பலாகத் தமிழர்கள் இங்கே வந்து இறங்கினார்கள். துறைமுகத்தின் வாசலிலேயே பிழைக்க இடம் தேடினார்கள். பர்மா பஜார் அப்படி வந்தது. வெளிநாட்டு வாட்சும் ரேடியோவும் விற்ற கதை எல்லாரும் சொல்வார்கள். அவர்கள் கொண்டு வந்த சமையல் இன்னும் தள்ளுவண்டியில் உயிரோடு இருக்கிறது.

கடைக்காரர் ஒரு கிண்ணத்தில் நூடுல்ஸை எடுத்துப் போடுவார். மேலே முட்டைக்கோஸ், வெங்காயம், புளித் தண்ணீர், மிளகாய்ப் பொடி, வறுத்த பூண்டோடு எண்ணெய். ஒரு மொறுமொறு பேஜோவை உள்ளங்கையில் நொறுக்கித் தூவுவார். எல்லாவற்றையும் கையாலேயே பிசைவார். கரண்டியில் கலந்தால் அந்த ருசி வராது. கூடவே ஒரு கிண்ணம் வாழைத்தண்டு சூப் வரும். முட்டையைப் பிளந்து வறுத்த வெங்காயம் அடைத்துத் தருவதையும் விடாதீர்கள். காலையில் ட்ரூரோ கப்பலின் கதை கேட்டவர்கள் மாலையில் இதைச் சாப்பிட்டால், போனவர்களில் ஒரு பகுதியினர் எப்படித் திரும்பி வந்தார்கள் என்பது நாக்கிலேயே தெரியும்.

15 ஏப்ரல்

இன்று முதல் மீன்பிடித் தடைக்காலம். ஜூன் 14 வரை விசைப்படகுகள் கடலுக்குப் போகாது. கேள்வி கேட்டவரின் உறவினர்கள் மே மாதம்தான் வருகிறார்களாம். ஏலம் இல்லாத காசிமேட்டுக்கு எதற்கு வர வேண்டும் என்று தயங்குகிறார்.

வாருங்கள். ஃபைபர் படகுகள் கரையோரம் போய்வரும், கொஞ்சம் மீன் கிடைக்கும். அதைவிட முக்கியம், இந்த இரண்டு மாதம்தான் படகுகளை நிதானமாகப் பார்க்க முடியும். கரையேற்றி வைத்த படகின் அடிப்பகுதி எவ்வளவு பெரியது என்று அப்போதுதான் தெரியும். ஒட்டியிருக்கும் சிப்பியைச் சுரண்டுவார்கள், பலகை மாற்றுவார்கள், பெயின்ட் அடிப்பார்கள். வலை பின்னுகிறவர்களுக்குப் பேச நேரம் இருக்கும். கட்டைவிரலில் வலையை மாட்டிக்கொண்டு, உங்களைப் பார்த்துப் பேசிக்கொண்டே, கண்ணியைப் பார்க்காமலே பின்னிக்கொண்டு போவார்கள். ஆனால் வேலையில்லாத மாதங்கள் என்பதை மறக்காதீர்கள். அரசு தரும் நிவாரணத்தில் இரண்டு மாதம் தள்ளுவது கடினம். விலை கேட்டுவிட்டு வாங்காமல் போவதைக் கொஞ்சம் தவிர்க்கலாம்.

18 மே

உறவினர்களை அழைத்து வந்திருந்தார்கள். மைத்துனரும் வந்தார். காசிமேட்டில் அதிகம் பேசவில்லை. ராயபுரம் நிலையத்தில் கேள்வி கேட்க ஆரம்பித்தவர் பாரிமுனை வரை நிறுத்தவில்லை. அவர் கேட்டதில் ஒன்றை இங்கே விரிவாக எழுத வேண்டும்: "நீங்கள் நல்லதை மட்டும் காட்டுகிறீர்களா?"

அப்படிக் காட்டினால் அது விளம்பரம். துறைமுகத்தில் நிலக்கரியும் இரும்புத்தாதுவும் கையாளக் கூடாது என்று உயர் நீதிமன்றம் உத்தரவிட்டு, 2011இல் அது நின்றது. வடசென்னையின் மூச்சுக்கு அது பெரிய விடுதலை. ஆனால் அந்தச் சரக்கு எண்ணூருக்குப் போயிற்று. எண்ணூரில் ஏற்கனவே அனல் மின் நிலையங்களின் சாம்பல். 2017 ஜனவரியில் இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியபோது இளைஞர்கள் வாளியால் அள்ளினார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மறுபடியும் எண்ணெய் வந்து கழிமுகத்தில் படகுகளிலும் வலைகளிலும் அப்பிக்கொண்டது. ஒரு குப்பத்தின் சுமையை எடுத்து அடுத்த குப்பத்தின் தலையில் வைக்கும் பழக்கம், அலைத்தடுப்புச் சுவர் கட்டிய நாளிலிருந்து வடக்கு நோக்கியே போய்க்கொண்டிருக்கிறது. நடையில் இதையும் சொல்கிறேன், கருங்கல் சுவர் மேல் நின்று, வடக்கே புகைபோக்கிகள் பக்கம் கைகாட்டி.

19 மே

பாரிமுனையில் நேற்று நேரம் போதவில்லை. விட்டுப்போன சில:

டேர் ஹவுஸ் கட்டடத்தின் சுவரோடு ஒட்டி ஒரு சிறிய கல்தூண் இருக்கிறது, 1773ஆம் வருடத்தது. பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்துப் போன பிறகு, எதிரி மறைந்து வர இடம் கொடுக்கக் கூடாது என்று இந்தியர்கள் வாழ்ந்த பழைய கறுப்பர் நகரத்தை ஆங்கிலேயர்கள் இடித்துத் திடலாக்கினார்கள். அந்தத் திடலின் எல்லைக் கல். ஆறில் மிஞ்சியது இது மட்டும். இன்றைய உயர் நீதிமன்றம் நிற்பது வீடுகளை இடித்த அந்த நிலத்தில்தான்.

நீதிமன்ற வளாகத்தில் 1844ஆம் வருடத்துக் கலங்கரை விளக்கம், ஒற்றைக் கல்தூணாக நிற்கிறது. அதற்கு முன் 1796இல் கோட்டைக்குள் ஒரு கட்டடத்தின் மேல் விளக்கு எரிந்தது, இன்றைய அருங்காட்சியகம் அதுதான். 1894 முதல் நீதிமன்றக் கோபுரத்தின் உச்சியில். 1977இல் மெரினாவுக்குப் போயிற்று. 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மானிய எம்டன் போர்க்கப்பல் சுட்டதில் எண்ணெய்த் தொட்டிகள் தீப்பிடித்தன. ஒரு குண்டு விழுந்த இடத்தில் நீதிமன்ற மதிலில் கல்வெட்டு உண்டு. சாலையைக் கடந்து போய்ப் படிக்கலாம், போக்குவரத்தைப் பார்த்து.

ஆர்மேனியன் தெருத் தேவாலயம், 1772. காலையில் சற்று நேரம் கழித்துத்தான் திறப்பார்கள். உலகின் முதல் ஆர்மேனியப் பத்திரிகை 1794இல் மெட்ராஸில் அச்சாகியது. அதை நடத்திய பாதிரியார் ஷ்மாவோனியன் இந்த முற்றத்தில்தான் இருக்கிறார். தரையெல்லாம் கல்லறைப் பலகைகள். மிதிக்காமல் ஓரமாக நடக்கச் சொல்லுங்கள்.

8 ஜூன்

கழிப்பறை. இதை எழுதாத நடைக்குறிப்பு பெண்களுக்குப் பயன்படாது. காசிமேட்டில் இருப்பதை நம்பி வராதீர்கள். வீட்டிலிருந்து கிளம்பும்போதே பார்த்துக்கொள்ளுங்கள். அடுத்து ராயபுரத்தில் காலையில் திறக்கும் சிற்றுண்டிக் கடைகள் உண்டு, சாப்பிட உட்கார்ந்தால் கேட்டுக்கொள்ளலாம். கடற்கரை ரயில் நிலையம் பரவாயில்லை. இதற்கு ஒரு ஏற்பாடு செய்யச் சொல்லி மாநகராட்சிக்கு எழுத வேண்டும் என்று என்னோடு நடந்த பெண்கள் சொல்கிறார்கள். மனு தயாராகிறது, கையெழுத்துப் போட விரும்புகிறவர்கள் எழுதுங்கள்.

"அந்தப் பக்கம் பாதுகாப்பா?" என்று கேட்பவர்களுக்கு: காசிமேட்டில் நள்ளிரவு தாண்டியும் பெண்கள் வேலை செய்கிறார்கள், பெண்கள் வியாபாரம் செய்கிறார்கள். வடசென்னையைச் சினிமாவில் மட்டும் பார்த்தவர்களின் பயம் இது. கவனிக்க வேண்டியது லாரிகளை. எண்ணூர் நெடுஞ்சாலையைக் கடக்கும்போது குழந்தைகளின் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

14 ஜூன்

இன்று நள்ளிரவோடு தடை முடிகிறது. நாளைக் காலை ஏலம் பார்க்கலாமா என்று பலர் கேட்கிறார்கள். நாளை வேண்டாம். போகும் படகுகள் பல நாள் தங்கித்தான் திரும்பும். அடுத்த ஞாயிறு, 22ஆம் தேதி வாருங்கள். காலை நாலரைக்குக் காசிமேடு மீன்பிடித் துறைமுக நுழைவு வாசலில் நிற்பேன். ஒரு பை, கொஞ்சம் சில்லறை, தண்ணீர் போதும். மீன் வாங்குகிறவர்கள் ஐஸ் போட்டு எடுத்துப் போக மூடியுள்ள டப்பா கொண்டு வாருங்கள். நடை முடிய நேரமாகும்.

நடந்த பிறகும் தெம்பு இருப்பவர்களுக்கு: மெட்ரோவில் திருவொற்றியூர் தேரடியில் இறங்கினால் தியாகராஜர் கோயில். அங்கிருந்து ஆட்டோ பிடித்துக் கடலோரம் பட்டினத்தார் சமாதிக்குப் போகலாம். கப்பல் வணிகராக இருந்து எல்லாவற்றையும் விட்டவர் கடைசியில் வந்து அமர்ந்த இடம். கோயில் மதியம் நடை சாத்திவிடும், பதினோரு மணிக்குள் போய்ச் சேருவது நல்லது.